உப்புப் பார்க்காத கறி

கிருஷாந் பாயில் கிடந்தான். பிணமாக!

பக்கத்தில் அவன் மனைவி மேனுகா. அழவில்லை. சும்மா இருந்தாள்.

புளியந்தீவில், வாவிக் கரையோர வீடு அது. நாலு வருடமாக அவள் சமைப்பாள், அவன் போனில் படம் பிடித்து யூடியூபில் போடுவான். ஒவ்வொரு வீடியோவிலும் கேமராவுக்குப் பின்னாலிருந்து அவன் குரல் கேட்கும்.

"சிரி."

உடனே சிரிப்பாள். அந்தச் சிரிப்புக்கு நாற்பதாயிரம் ரசிகர்கள்!

பகல் சாப்பிட்ட அரை மணியில் உதடு மரத்துப்போகிறது என்றானாம். பிறகு நாக்கு. பிறகு மூச்சு...

பேத்தை மீனின் நஞ்சு என்றார் டாக்டர். துண்டு போட்ட மீன்தான் வாங்கியதாகவும், அதில் பேத்தை கலந்திருந்தது தெரியாதென்றும் மேனுகா சொன்னாள்.

இன்ஸ்பெக்டர் றஸீனா நம்பினாள். பாவம், அறியாமல் ஆக்கியிருக்கிறாள்! 'விபத்து' என்று எழுதிக் கையெழுத்து வைக்க வேண்டியதுதான் பாக்கி. அதற்கு முன் ஒரு கடமைக்காகக் கிருஷாந்தின் போனைத் திறந்து பழைய வீடியோக்களைப் பார்த்தாள்.

எல்லாவற்றிலும் ஒரே பழக்கம். அகப்பையால் ஒரு சொட்டு உள்ளங்கையில் விட்டு, நக்கி, உப்புப் பார்ப்பாள் மேனுகா.

இன்றைய வீடியோ... மீன் கறி கொதிக்கிறது. சொட்டு உள்ளங்கையில் விழுகிறது. அவள் கையைக் கழுவிவிடுகிறாள்!

"ஏன் தங்கச்சி, உப்புப் பாக்கல்ல?"

"இண்டைக்கு வெள்ளிக்கிழமை மேடம். விரதம். பொழுதுபடுமட்டும் வாயில ஒண்டும் வைக்கமாட்டன். அதான் நான் தின்னல்ல."

நியாயம்தானே! றஸீனாவும் நோன்பு பிடிப்பவள். பேனாவை எடுத்துவிட்டாள்.

ஆனால் பாழாய்ப்போன வீடியோ இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. அடுத்துத் தேங்காய்ப்பால் சொதி. ஒரு சொட்டு... உள்ளங்கையில். நக்கினாள். இன்னும் கொஞ்சம் உப்புப் போட்டாள்!

றஸீனா பேனாவை மூடினாள்.

"மீனுக்கு இருந்த விரதம் சொதிக்கு இல்லயோ?"

திரையில் சிரித்துக்கொண்டிருந்த தன்னையே மேனுகா பார்த்தாள், பக்கத்து வீட்டுக்காரியைப் பார்ப்பது போல.

"உதடு மரக்குது எண்டு அவர் பயந்திட்டார் மேடம்," என்றாள் மெதுவாக. "எனக்கு மரத்து நாலு வருசம். ஒருத்தரும் கேக்கல்ல."

பேத்தையைத் தானே கேட்டு வாங்கியதையும் சொன்னாள்.

வாக்குமூலத்தைப் பதிவு செய்ய றஸீனா தன் போனை நிமிர்த்திப் பிடித்தாள். சிவப்புப் புள்ளி எரிந்தது.

மேனுகா தலைமயிரை ஒதுக்கி, நேராக நிமிர்ந்து இருந்தாள்.

"சிரிக்கோணுமா மேடம்?"