உமையாளின் கடைசிக் காட்சி

நடிகர் குருநாதனின் கார் உச்சிப்புளி டூரிங் டாக்கீஸ் முன்னால் வந்து நின்றபோது பொழுது சாய்ந்துகொண்டிருந்தது. 1958, மாசி மாதம். கொட்டகை முதலாளி வாவு முகம்மது ஓடிவந்து மாலை போட்டார். குருநாதனின் முதல் படம் மறுபடியும் வெளிவந்திருந்தது. அதன் கடல் காட்சியை எடுத்தது பக்கத்துப் புதுமடம் கரையில். அவரே வந்து உட்கார்ந்து பார்த்தால் கூட்டம் அள்ளும் என்று முதலாளி கெஞ்சி வரவழைத்திருந்தார்.

குருநாதன் பரமக்குடிக்காரர். நாடகக் கம்பெனியில் ராஜபார்ட். அவருக்கு ஜோடியாக நடித்தவள் உமையாள். மைக் இல்லாத மேடையிலும் கடைசி ஆள் வரைக்கும் போய்ச் சேரும் குரல் அவளுக்கு. கைதட்டலும் அவளுக்குத்தான் அதிகம். குருநாதனுக்கு அது உறுத்திக்கொண்டே இருந்தது.

சினிமாக்காரர்கள் இருவரையும் சேர்த்தே அழைத்துப் போனார்கள். புதுமடத்தில், கழுத்தளவுத் தண்ணீரில் இருவரும் கைகோத்து நிற்க வேண்டும். பெரிய அலை ஒன்று வந்தது. குருநாதன் மட்டும் கரையேறினார்.

"நான் பிடிச்ச பிடிய விடலை. அலைதான் பிடுங்கிட்டுப் போயிருச்சு" என்று மணலில் புரண்டு அழுதார். அலை வரும் இடத்துக்கு முன்னால் காட்சியை வெட்டி, பாட்டைச் சேர்த்துப் படத்தை வெளியிட்டார்கள். செத்துப்போனவளைப் பார்க்க ஊர் ஊராகக் கூட்டம் கூடியது. குருநாதன் பெரிய நட்சத்திரமானார்.

இந்த முறை வந்த பிரதியில் உமையாளின் பேரே இல்லை. பேரை எடுக்கச் சொன்னவர் குருநாதன்தான்.

பெண்கள் பக்கம், மணல் தரையில், உமையாளின் தங்கை நாகலெட்சுமி உட்கார்ந்திருந்தாள். எழுத்துகள் ஓடி முடிந்ததும் பக்கத்திலிருந்தவளிடம், "பேரத்தான் தொடச்சுப்புட்டாங்கெ. மொகத்தையாவது பாத்துட்டுப் போறேன்" என்றாள். பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னாள்.

கடல் காட்சி வந்தது. பாட்டு ஓடியது. உமையாள் சிரித்தாள். பாட்டு முடியும்போது காட்சி மாறி, நிலா வர வேண்டும்.

நிலா வரவில்லை.

திரையில் அலை எழும்பியது.

நாற்காலியில் சாய்ந்திருந்த குருநாதன் நிமிர்ந்தார். "நிப்பாட்டச் சொல்லுங்க" என்றார்.

முதலாளி கை காட்டினார். கொட்டகைக்குப் பின்னால் ஆயில் இன்ஜின் அடங்கியது. வாசல் விளக்குகளும் அணைந்தன. மிஷின் அறையிலிருந்து ஆபரேட்டர் அலறினான்.

"மொதலாளி! மிஷின் நின்னு போச்சு! படம் ஓடுது மொதலாளி!"

இருட்டில் திரை மட்டும் வெளிச்சமாக இருந்தது. பாசியும் ஈர உப்பும் கலந்த வாடை, மூச்சு விட முடியாதபடி கொட்டகைக்குள் நிறைந்தது. எங்கோ ஒரு குழந்தை அழத் தொடங்கிச் சட்டென்று நிறுத்தியது.

திரையில், அலைக்குள் உமையாளின் கை குருநாதனின் மணிக்கட்டை இறுகப் பிடித்திருந்தது. அவர் உதறினார். மறுபடி உதறினார். காலைத் தூக்கி அவள் நெஞ்சில் உதைத்தார்.

அவள் முகம் திரும்பியது. குருநாதன் உட்கார்ந்திருந்த நாற்காலியைப் பார்த்தது.

"ஏன்ணே ஒதச்சீக?"

மேடையில் கேட்ட அதே குரல். கடைசி ஆள் வரைக்கும் போய்ச் சேர்ந்தது.

திரை இருண்டது.

யாரோ தீக்குச்சியை உரசி அரிக்கேன் ஏற்றினார்கள். நாகலெட்சுமி எழுந்து, கூட்டத்தைப் பிளந்துகொண்டு வந்து குருநாதன் முன்னால் நின்றாள். அவர் அவளை ஏறிட்டுப் பார்க்கவில்லை.

"அவ என்னய உள்ள இழுத்தா. நானும் செத்துருவேன்னு பயந்துட்டேன், தாயி" என்றார். குரல் எழும்பவில்லை.

"பயந்து ஒதச்சேன்னு அன்னைக்கே சொல்லியிருந்தா பொறுத்திருப்போம். எங்காத்தா ஒன் கையப் பிடிச்சு, எம்மகளக் காப்பாத்தப் பாத்தியேய்யான்னு கும்புட்டுச்சு. நீ கும்புட விட்டு நின்ன. அதுவும் பத்தாம பேரையும் ஏன்யா அழிச்ச?"

குருநாதன் மெல்லச் சொன்னார்.

"அவ பேரு வந்தாத்தான் சனம் கைதட்டுது."

நாகலெட்சுமி அவர் கழுத்து மாலையை அறுத்து மணலில் எறிந்து மிதித்தாள். ஒருவரும் தடுக்கவில்லை. குருநாதன் காருக்கு நடந்து போக, கூட்டம் விலகி வழிவிட்டது. ஒருவரும் அவரைத் தொடக்கூட விரும்பவில்லை.

ஆறு மாதம் கழித்துப் பரமக்குடியில் அவருடைய புதுப் படம் வந்தது. கோர்ட்டிலேயே நடக்கும் கதை. கடல் என்ற பேச்சே அதில் கிடையாது. மத்தியான ஆட்டத்துக்கு நாகலெட்சுமி போயிருந்தாள். வைகை மணலாய்க் கிடந்த காலம். ஊரே தண்ணீருக்கு அலைந்துகொண்டிருந்தது.

வக்கீல் கோட்டோடு குருநாதன் திரையில் வந்து வாயைத் திறந்தார்.

திரையின் அடியிலிருந்து தண்ணீர் சொட்டியது.

பிறகு ஒழுகியது. முன்வரிசைப் பெண்கள் சேலையைத் தூக்கிக்கொண்டு பின்னால் ஓடினார்கள். ஒருத்தி விரலை நனைத்து நாக்கில் வைத்து, "ஆத்தாடி, உப்புக் கரிக்குது!" என்று கத்தினாள்.

நாகலெட்சுமி இடத்தை விட்டு அசையவில்லை. பாதத்தைத் தொட்ட தண்ணீர் கணுக்காலுக்கு ஏறியது. அவள் குனிந்து அதில் உள்ளங்கையை வைத்தாள்.

"கோவம் ஆறிராதக்கா" என்றாள். "ஆறவே கூடாது."

படத்தை நிறுத்தி, ஜனங்களை வெளியேற்றி, கதவுகளைச் சாத்தினார்கள். பூட்டிய அரங்கத்துக்குள் அலை புரளும் சத்தம் தெருவரைக்கும் கேட்டது.