மஞ்சள் கோட்டுக்கு அப்பால்

தன் முதுகை இசக்கியம்மாள் அளவுக்குப் பார்த்த பெண் பூமியிலேயே வேறு யாரும் இருந்திருக்க முடியாது. தோஹாவில் தங்கம் வாங்கியபோதும் அதைத்தான் பார்த்தாள், லிமாவில் வாங்கியபோதும் அதைத்தான். இப்போது ஜகார்த்தா மைதானத்தில், உலகப் போட்டியின் இறுதிச் சுற்றிலும் மஞ்சள் கோட்டருகே வலது கையை உயர்த்தியபடி நின்றுகொண்டு, ஒளியால் ஆன இன்னொரு இசக்கி பின்னலை ஆட்டிக்கொண்டு ஓடிப்போவதைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

நூறு மீட்டரை யாரும் முழுதாக ஓடுவதில்லை. ஓட்டக்கணி வந்த பிறகு அதற்கு அவசியமே இல்லாமல் போய்விட்டது. ஒவ்வொருத்தியாக வந்து மஞ்சள் கோடு வரை, முதல் இருபது மீட்டர் ஓடினால் போதும். அதற்குள் தடத்தின் அடியில் பதித்திருக்கும் உணர்தகடுகள் காலின் உதைப்பு, தசையின் முறுக்கு, மூச்சு, இரத்த ஓட்டம் எல்லாவற்றையும் அளந்துவிடும். மீதித் தூரத்தை அவள் எப்படி ஓடியிருப்பாள் என்று கணி கணக்குப் போட்டு, அதை நிழலுருவாகக் கோட்டுக்கு அப்பாலுள்ள ஒளித்தரையில் ஓட்டியும் காட்டும். தொடைத்தசை கிழிவதில்லை. காற்று எதிரே அடித்தது, பக்கத்துத் தடத்துக்காரி இடித்துவிட்டாள் என்ற பஞ்சாயத்தெல்லாம் இல்லை. நிழலுருவுக்கு வேர்க்காது, முகம் கோணாது. விளம்பரக்காரர்களுக்குக் கேட்கவா வேண்டும்!

கோட்டுக்கு வந்து கையைத் தூக்கியதும் மற்றவர்களுக்கு வேலை முடிந்துவிடும். இசக்கிக்கு அப்போதுதான் வேதனை தொடங்கும். கணுக்காலில் ஆரம்பிக்கும் குறுகுறுப்பு இடுப்பு வரை ஏறும். ராத்திரி படுத்தாலும் இறங்காது. பாளையங்கோட்டையில் பயிற்சியின்போது ஒருநாள் அவள் கோட்டைத் தாண்டி ஒரு காலை எடுத்து வைத்துவிட்டாள். பயிற்சியாளர் ஜெபராணி டீச்சர் பிடித்துக்கொண்டார்.

"ஏட்டி, கிறுக்கு புடிச்சிருக்கா உனக்கு? கோட்டத் தாண்டினா நிழலுரு உனக்குச் சொந்தமில்ல. அது வாங்குற மெடலும் உனக்கில்ல. சட்டம் தெரியும்லா?"

"ஏன் டீச்சர் அப்படி ஒரு சட்டம்?"

"ஓடுறது நீயா அதுவான்னு குழப்பம் வரக்கூடாதுல்லா."

"அப்ப நான் நிசமாவே வேகமா ஓடுவேனா?"

"அதத்தான் கணி சொல்லுதே."

"கணிக்குத் தெரியுது டீச்சர். எனக்குல்லா தெரியல."

ஜெபராணி டீச்சர் ஊதலை எடுத்து ஊதினார். அவரும் தன் காலத்தில் இருபது மீட்டர் ஓடியவர்தான்.

ஜகார்த்தாவில் அன்று முடிவுப்பலகையைப் பார்த்து மைதானமே வாயைப் பிளந்தது. இசக்கியின் நேரமும் கானா நாட்டு அபெனாவின் நேரமும் கடைசி இலக்கம் வரை ஒன்றாக இருந்தன. கணியை மறுபடி கேட்டார்கள். அது மறுபடியும் அதையே சொன்னது. தங்கத்தைப் பாதியாக வெட்டவா முடியும்? அதிகாரிகள் கூடிப் பேசி ஒரு முடிவுக்கு வந்தார்கள். இருவரும் ஒரே வெடிச்சத்தத்துக்கு, பக்கத்துப் பக்கத்துத் தடத்தில், மஞ்சள் கோடு வரை ஓடட்டும். அங்கிருந்து இரண்டு நிழலுருக்களும் சேர்ந்தே ஓடட்டும். எது முந்துகிறதோ அதற்குத் தங்கம்.

டீச்சர் இசக்கியின் தோளைப் பிடித்து அழுத்தினார். "தங்கம் கைக்கெட்டுற தூரத்துல இருக்கு. கோட்டுல நின்னுரு. எஞ்சாமி, நின்னுரு."

"சரி டீச்சர்" என்றாள் இசக்கி. அப்படிச் சொன்னபோது அவள் நிஜமாகவே நிற்பதாகத்தான் இருந்தாள்.

தொடக்கக் கட்டைகளுக்குப் போகும் வழியில் அபெனா ஏதோ கேட்டாள். இசக்கியின் காதில் செருகியிருந்த மொழிமணி அதைச் செந்தமிழில் பெயர்த்தது: "தோழி, அஞ்சுகிறாயா?"

இசக்கிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "பயமெல்லாம் இல்ல. பக்கத்துல ஆளு வச்சு ஓடிப் பழக்கமில்ல."

"எனக்கும் இல்லை" என்றது அபெனாவுக்காக மொழிமணி. "சிறுவயதில் தம்பியோடு கோழி துரத்தியிருக்கிறேன். அவ்வளவே."

வெடித்தது.

முதல் எட்டிலேயே இசக்கிக்குப் புதிதாக ஒன்று கேட்டது. அடுத்தவளின் மூச்சு. அதன் பிறகு அடுத்தவளின் கால் தரையில் அறையும் சத்தம். அடடா, இது என்ன இது! கண்ணின் ஓரத்தில் அபெனாவின் முழங்கை தெரிந்தது. ஒரு விரற்கடை முன்னால் இருந்தது. முந்திவிடலாம். இன்னும் நாலு எட்டு கிடைத்தால் கட்டாயம் முந்திவிடலாம் என்று இசக்கியின் உடம்பு முழுக்கச் சொன்னது. ஆனால் நாலு எட்டு இல்லை, மஞ்சள் கோடு வந்துவிட்டது. அபெனா பழக்கப்படி கையைத் தூக்கி நின்றுவிட்டாள். இசக்கியின் கையும் பாதி எழுந்தது. கால் மட்டும் அடங்கவில்லை.

போட்டி நடக்கும்போது ஒளித்தரையில் மனிதக் கால் படுவது அதுதான் முதல் தடவை. முன்னால் இரண்டு நிழலுருக்கள் போய்க்கொண்டிருந்தன. அவற்றில் ஒன்றின் பின்னலைப் பார்த்ததும் இத்தனை வருஷத்துக் கோபமும் இசக்கிக்குப் பொத்துக்கொண்டு வந்தது. நில்லுட்டி என்று மனசுக்குள் கத்திக்கொண்டே துரத்தினாள்.

அது நிற்கவில்லை. இசக்கி பாதித் தூரத்தைத் தொடும் முன்பே இரண்டும் எல்லையைக் கடந்துவிட்டன, மறுபடியும் ஒன்றாகவே. மைதானம் எழுந்து நின்று நிழலுருக்களுக்குக் கைதட்டியது. தடத்தில் யாரோ நிற்பதால் மறைக்கிறது என்று முன்வரிசைக்காரர்கள் கத்தினார்கள். இசக்கிக்கு நெஞ்சு எரிந்தது. தொடை இரண்டும் கல்லாக இறுகின. இருபது மீட்டருக்கு மட்டுமே வளர்த்த உடம்பு அதற்கு மேல் என்ன செய்வதென்று தெரியாமல் திணறியது. எல்லாரும் நம்பிய வேகம் தன்னிடம் இல்லை என்பது அவளுக்கு அங்கேயே விளங்கிவிட்டது. விளங்கிய பிறகும் நிற்கத் தோன்றவில்லை. கடைசிப் பகுதியை ஓட்டம் என்று சொல்ல முடியாது. விந்தி விந்தித்தான் எல்லைக்கு வந்து விழுந்தாள்.

டீச்சர் ஓடிவந்து அவள் தலையை மடியில் வைத்துக்கொண்டார். திட்டுவார் என்று இசக்கி காத்திருந்தாள். அவரோ கோட்டருகே இன்னும் கையைத் தூக்கியபடி நிற்கும் அபெனாவையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"உனக்கே இப்படி மூச்சு முட்டுதுன்னா..." என்று தொடங்கி நிறுத்திக்கொண்டார். பிறகு தாழ்ந்த குரலில், "அவளுக்கும் முட்டும்லாட்டி. எனக்கும் முட்டியிருக்கும்" என்றார்.

கணியின் கணக்கே தப்போ என்ற இந்த ஐயம் அதிகாரிகள் யாருக்கும் வரவில்லை. ஓட்டக்கணி தவறு செய்யாது; ஆகவே இசக்கி வேண்டுமென்றே மெதுவாக ஓடியிருக்கிறாள் என்று எழுதி எச்சரிக்கை கொடுத்தார்கள். நிழலுருக்கள் மறுபடியும் சமம் என்பதால் முதலிடம் இரண்டுக்கும் பொது என்றும், கோட்டில் நின்ற அபெனாவுக்குத் தங்கம் என்றும் தீர்ப்பானது. கோட்டைத் தாண்டியவளின் நிழலுருவுக்குச் சொந்தக்காரர் இல்லாததால், அது வென்ற தங்கம் கணியைச் செய்த நிறுவனத்தின் வரவேற்பறைக்குப் போயிற்று. அந்த ஓட்டத்தில் எல்லையைக் கடந்தவர்களின் வரிசைப்படி அடுத்து வந்தவள் இசக்கி. கழுத்தில் வெண்கலத்தை மாட்டி அனுப்பிவைத்தார்கள்.

உடைமாற்றும் அறையில் அவள் வீங்கிய காலை நீட்டி உட்கார்ந்திருந்தபோது வீட்டிலிருந்து அழைப்பு வந்தது. அம்மா எடுத்த எடுப்பிலேயே கேட்டாள்.

"ஏளா, டிவியில மூணாவதுன்னு சொல்லுதான். ரெண்டே பேருதான ஓடினிய, எப்படி மூணாவது வந்த?"

"அந்தப் பொண்ணும் நானும் முதல்லயே போயிட்டோம்மா. அதுக்கப்புறந்தான் நான் வந்தேன்."

அந்தப் பக்கம் ஒண்ணு, ரெண்டு என்று முணுமுணுப்பது கேட்டது. அம்மா எதையோ கூட்டிக் கழித்துப் பார்க்கிறாள் என்று இசக்கிக்குத் தெரிந்தது.

"முதல்ல போனாளே இன்னொரு இசக்கி, அவளுக்குக் கால் வலிக்காமா?"

"அவளுக்கு என்னத்த வலிக்கப்போகுது."

"உனக்கு?"

"உயிர் போற மாதிரி வலிக்கும்மா" என்றாள் இசக்கி. அதைச் சொல்லும்போது தன் குரலில் இருந்த சந்தோஷம் அவளுக்கே வெட்கமாக இருந்தது.

"அப்ப வெந்நி வச்சு கால்ல ஊத்து" என்றாள் அம்மா. "அவ கெடக்கா."