மேடைக்கல்லில் திரும்பிய வண்டி

ரயில் வந்து போய்விட்டது. ஸ்டேஷன் வாசலில் நின்ற ஜட்காக்காரர்கள் ஆளுக்கொரு கிராக்கியைப் பிடித்துக்கொண்டு கிளம்பிவிட்டார்கள். என் ரிக்ஷாவில் மட்டும் எவனும் ஏறவில்லை. மாடு இழுத்தால் ஏறுவான், குதிரை இழுத்தால் ஏறுவான், மனுஷன் இழுத்தால் மட்டும் யோசிப்பான். இரக்கப்படுகிறான் என்று எண்ணிவிடாதீர்கள். குதிரையைவிட மெதுவாகப் போகுமே என்று யோசிக்கிறான்.

அந்த நாளில் இங்கே ஆள் இழுக்கிற ரிக்ஷா என்னுடையது ஒன்றுதான். பாளையங்கோட்டையில் இருந்த ஒரு வெள்ளைக்கார அம்மாள் பட்டணத்திலிருந்து தருவித்த வண்டி. அவள் சீமைக்குக் கப்பலேறியபோது, இழுத்துக்கொண்டிருந்த என்னிடமே விட்டுப் போனாள். திருச்செந்தூர் போகிறவர்கள் இங்கே இறங்கி ஒரு பொழுது தங்குவார்கள் அல்லவா, அவர்களை ஏற்றிக்கொண்டு பாலம், கோயில், தேரடி, ரத வீதி நாலும், குறுக்குத்துறை என்று சுற்றிக் காட்டுவேன். இழுத்துக்கொண்டே இது இன்னது, அது இன்னது என்று சொல்லிக்கொண்டும் வருவேன். பாதி நிசம், பாதி என் சொந்தச் சரக்கு. வருகிறவனுக்கு எது எதுவென்று தெரியவா போகிறது?

அன்றைக்கு எனக்கு ஊர் காட்டுகிற மனசே இல்லை. காலையில் மகள் வீட்டுக்குப் போய் அவமானப்பட்டு வந்திருந்தேன்.

தாயில்லாப் பிள்ளை என் வடிவம்மாள். ரத வீதியில் பாத்திரக்கடை வைத்திருந்த ஐயம்பெருமாளுக்கு இரண்டாந்தாரமாகப் போனவள். மூத்தவள் ஞானம்பாள் கொல்லைக் கிணற்றில் தவறி விழுந்து செத்தாள் என்று சொன்னார்கள். கிணற்றில் தண்ணீர் இறைத்தே வளர்ந்தவள் எப்படித் தவறி விழுவாள்? ஊர் கேட்கவில்லை. சீர் ஒன்றும் வேண்டாம் என்று அவன் என்னிடம் வந்தான். சீர் வேண்டாம் என்று வருகிறவனுக்கு வேறு ஏதோ வேண்டியிருக்கிறது என்று அர்த்தம்.

வடிவுக்கு ஏழு மாசம். பேறுகாலத்துக்குக் கூட்டிப் போகிறேன் என்று கேட்கத்தான் போனேன்.

"ரிக்ஷா இழுக்கிறவன் குடிசையில என் பிள்ளை பொறக்கணுமாக்கும்? போம் வே, வெயிலுக்கு முன்னாடி" என்றான் மாப்பிள்ளை.

கொல்லை வழியாக வந்து வடிவு என் கையைப் பிடித்தாள். கை சில்லென்று இருந்தது.

"அப்பா, எப்படியாவது கூட்டிட்டுப் போயிரு. நான் கிணத்தடியில நிக்கும்போது அவரு பின்னால வந்து நிக்காரு. ஒண்ணும் சொல்ல மாட்டாரு. சும்மா நிக்காரு."

இதைக் கேட்டுவிட்டு எவனுக்கு வாய் வரும், தேரைப் பற்றியும் தெப்பத்தைப் பற்றியும் பேச?

"ஊரு சுத்திக் காட்டுவியளாமே அண்ணாச்சி?"

திரும்பிப் பார்த்தேன். அரக்குச் சேலை கட்டிய பெண். இருபத்தைந்து வயதுக்குள் இருக்கும். துணைக்கு ஆள் இல்லை, கையில் மூட்டை இல்லை. முடி நுனியில் ஈரம் சொட்டியது. திருச்செந்தூரில் கடலாடிவிட்டு வருகிறாள் போல என்று நினைத்தேன். ஆனால் உப்பு வாடை இல்லை. வெயில் படாத தண்ணீரின் பாசி வாடை.

"எங்கன காட்டணும் தாயி?"

"ஊருக்குள்ள பூராவும். நானும் இந்த ஊருதான். இப்பம் எல்லாம் மறந்துபோச்சு. எந்தத் தெருவுல நடந்தாலும் கடைசியில ஆத்துக்கே வந்து நிக்கேன்."

புத்தி பேதலித்தவள் என்று எண்ணிக்கொண்டேன். ஏறச் சொல்லி, வண்டியை இழுக்கிற ஏர்க்காலைத் தூக்கினேன்.

கனமே இல்லை.

ஏறவில்லையோ என்று திரும்பிப் பார்த்தால், சேலையை இழுத்துவிட்டுக்கொண்டு ஒழுங்காக உட்கார்ந்திருக்கிறாள். ஜட்கா ஓட்டுகிற சுவிசேஷமுத்து குதிரைக்குப் புல் போட்டுக்கொண்டே இளித்தான்.

"என்ன தாணுமாலையன் அண்ணாச்சி, காலி வண்டிய இழுத்துக்கிட்டு ஊர்கோலமா?"

"உன் குதிரையப் பாருலே. வேதக்காரன் வாய்க்குக் கர்த்தர் ஒரு பூட்டுப் போட்டிருக்கலாம்."

ஒல்லியான கிராக்கியைக் கேலி செய்கிறான் என்று நினைத்தேன். அவன் வாய் எப்போதும் அப்படித்தான்.

சித்திரை வெயில். தேரடியில் நிறுத்தி, தேரைப் பற்றி என் வழக்கமான புளுகை ஆரம்பித்தேன். அவள் குறுக்கே பேசினாள்.

"தெரியும் அண்ணாச்சி. தேரோட்டத்துக்கு இங்கனதான் நின்னேன். பச்சை வளையல் வாங்கினேன். ஒண்ணு உடைஞ்சதுக்கு ராத்திரி அடி வாங்கினேன்."

மறுபடி ஏர்க்காலைத் தூக்கியபோது கொஞ்சம் கனம் தெரிந்தது. ஒரு குடம் தண்ணீர் அளவு.

வாகையடி முக்கு, சந்திப் பிள்ளையார் முக்கு என்று ஒவ்வொன்றாகக் காட்டினேன். ஒவ்வொரு இடத்திலும் அவளுக்கு ஏதாவது ஒன்று ஞாபகம் வந்தது. ஒவ்வொன்றுக்கும் வண்டி கனத்தது. ஆனால் வீடு எங்கே என்று கேட்டால் விழித்தாள். இந்தச் சந்து என்பாள். நுழைந்தால், இல்லை, அந்தச் சந்து என்பாள். அவள் சொன்ன பக்கமெல்லாம் திரும்பித் திரும்பி, கருப்பந்துறைச் சுடுகாட்டுக்குப் போகிற பாதையில் வந்து நின்றோம்.

அங்கே பாதையோரம் ஒரு மேடைக்கல் உண்டு. ஊர் பார்க்க வருகிறவர்களுக்கு அதை நான் காட்டுவதில்லை. பாடையை அதன் மேல் இறக்கி, தலைமாட்டைக் கால்மாடாகத் திருப்பி, மறுபடி தோளில் ஏற்றுவார்கள். செத்தவருக்கு அந்தத் திருப்பலில் வீட்டுக்கு வழி மறந்துபோகும். பிறகு திரும்பி வர மாட்டார்.

"இங்கன வந்தாத்தான் எனக்குத் தலை சுத்துது" என்றாள். "கொஞ்சம் நிறுத்துங்க. வெயிலு மூஞ்சியில அடிக்கு."

கிராக்கி முகத்தில் வெயில் அடித்தால் வண்டியை மறுபக்கம் திருப்பி நிறுத்துவது ரிக்ஷாக்காரன் பழக்கம். யோசித்துச் செய்வதில்லை, கை தானாகச் செய்யும். கல்லை ஒட்டி வண்டியை அரை வட்டம் திருப்பினேன்.

ஏர்க்கால் என் கையில் மடாரென்று அழுந்தியது.

ஒரு முழு ஆளின் கனம். ஊறிய கனம்.

"ஆ, இப்பம் தெரியுது" என்று மெல்லச் சிரித்தாள். "நேரே போங்க அண்ணாச்சி. வாகையடியில சோத்துக்கைப் பக்கம். அடுத்து ஒரு வேப்பமரம்."

அவள் வழி சொல்லச் சொல்ல என் கால் நடந்தது. என் பின்னங்காலில் சொட்டுச் சொட்டாகத் தண்ணீர் விழுந்தது. வேப்பமரம் தாண்டி மூன்றாவது வீட்டுக்கு எதிரே நிறுத்தச் சொன்னாள்.

என் மகள் வீடு.

"இதான் அண்ணாச்சி எங்க வீடு."

திரும்பிப் பார்க்கப் பயம். முன்னால் பார்த்தபடியே கும்பிட்டேன்.

"தாயி, உன் வழக்கு அவன்கூட. உள்ள இருக்கறது என் பிள்ளை. அவ ஒண்ணும் அறியா. வயித்துப்பிள்ளைக்காரி."

"தெரியும்."

"பின்ன?"

"உள்ள இருட்டா இருக்கும் அண்ணாச்சி. முங்குறவளுக்கு ஆளு அடையாளம் தெரியுமா? கையில அகப்பட்டவுகளத்தான் பிடிப்பேன்." பாசி வாடை என் பிடரியில் வந்து முட்டியது. "அவரு வெளிய வந்தா நல்லது."

கதவு திறந்தது. ஐயம்பெருமாள் சாப்பிட்டுவிட்டு, பல்லைக் குத்திக்கொண்டே படியிறங்கினான்.

"காலி வண்டிய என் வாசல்ல எதுக்கு வே நிறுத்தியிருக்கீரு?"

காலி வண்டி.

உள்ளே நடையில் வடிவு நின்றுகொண்டிருந்தாள். வயிற்றைப் பிடித்துக்கொண்டு என்னைப் பார்த்தாள். என் பின்னால் இருக்கை கிறீச்சிட்டது. இறங்குவதற்காக ஒருவர் எழுந்தால் வருகிற சத்தம் அது. அந்தச் சத்தம் எனக்குத் தெரியாதா?

"மாப்பிள்ளை" என்றேன். "ஏறுங்க. கடையில கொண்டு விடுதேன்."

அவன் என்னை மேலும் கீழும் பார்த்தான். என் வண்டியில் அதுவரை அவன் ஏறியதில்லை. ஆனால் மாமனார் இழுக்க, தான் உட்கார்ந்து ரத வீதியில் போவதை நாலு பேர் பார்ப்பார்கள் என்ற எண்ணம் அவன் முகத்தில் பளிச்சென்று ஓடியது.

"காலையில வாங்கிக் கட்டுனது புத்தி குடுத்துட்டுதாக்கும்? இப்படி இருந்தா உமக்கும் நல்லது, உம்ம மகளுக்கும் நல்லது."

ஏறினான். இருக்கை மறுபடி கிறீச்சிட்டது. யாரோ நகர்ந்து இடம் விட்டார்கள்.

"என்ன வே இது, சீட்டெல்லாம் ஈரம்?"

ஏர்க்காலைத் தூக்கினேன். இழுத்தேன். இரண்டு பேர் கனம்.

வேப்பமரத்தைத் தாண்டும்வரை வைதுகொண்டே வந்தான். பிறகு நிறுத்தினான். பிறகு வேறொரு சத்தம். கிணற்றுக்குள் குடம் முங்கும்போது வருமே, களக், களக் என்று, அது.

"மாமா..."

களக்.

"நிறுத்தும்... மாமா..."

நான் நிறுத்தவில்லை.

பாவம் என்று யாராவது சொன்னால் சொல்லிக்கொள்ளட்டும். மகளைப் பெற்றவன் சொல்லட்டும், கேட்கிறேன்.

கடைத்தெருவில் வெயிலுக்குப் பயந்து பாதிக் கதவு சாத்தியிருந்தார்கள். பாத்திரக்கடை வாசலில் ஏர்க்காலை இறக்கினேன். ஒரு ஆள் கனம்தான் இருந்தது. அவன் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தான். சட்டை காய்ந்திருந்தது. வேட்டி காய்ந்திருந்தது. திறந்த வாயிலிருந்து பச்சைத் தண்ணீர் வழிந்து நெஞ்சில் இறங்கிக்கொண்டிருந்தது. உண்ட மயக்கத்தில் வெயிலில் வந்ததால் மார்பு அடைத்துவிட்டது என்றார் வைத்தியர். வாயில் எப்படித் தண்ணீர் என்று அவரும் கேட்கவில்லை. கேட்காமலிருக்க இந்த ஊர் நன்றாகப் பழகியிருக்கிறது.

அவன் பாடையையும் அந்த மேடைக்கல்லில் இறக்கித் திருப்பினார்கள். சரியாகத் திருப்புகிறார்களா என்று பக்கத்தில் நின்று பார்த்தேன். வடிவுக்குப் பெண் குழந்தை பிறந்தது. அவள் வீடு, அவள் கடை, அவள் பிள்ளை. இனி என்ன என்று நிம்மதியாக இருந்தேன்.

மகள் பேறுகாலமும் முடிந்து ஸ்டேஷனுக்கு வண்டியை எடுத்துப் போன முதல் நாள், காலி வண்டி கனத்தது.

"மாமா. வீட்டுக்கு எந்தப் பக்கம் வே?"

ஞானம்பாளுடைய குரல் அவன் செத்த அன்றோடு போயிற்று. இவன் குரல் போகவில்லை. நான் ஒரு வார்த்தை பேசாமல் இழுப்பேன். பாலத்தைத் தாண்டி வண்ணார்பேட்டை, அதைத் தாண்டி பாளையங்கோட்டை, இடிந்த கோட்டைச் சுவரைச் சுற்றி மறுபடி வண்ணார்பேட்டை. ஆற்றுக்கு இந்தக் கரையில் அவனுக்கு ஒரு தெருவையும் காட்டியதில்லை. அந்தக் கல்லருகே மறுபடி திரும்பினால் அவனுக்கும் மறந்த வழி தெரிந்துவிடும் என்று கருப்பந்துறைப் பாதையில் கால் வைத்ததே இல்லை. இருக்கை என்றைக்கும் ஈரமாக இருப்பதால் கிராக்கிகள் ஏறுவதை விட்டுவிட்டார்கள். முதுகு வளைந்துவிட்டது. இத்தனை வருஷமும் காலி வண்டி இழுக்கிற கிறுக்கன் என்று பெயர் வாங்கினேன். வடிவு, "வண்டியைப் போட்டுட்டு வீட்டோட வந்து இருப்பா" என்று அழுதாள். போட்டால் வேறு எவன் வண்டியிலாவது ஏறிக்கொள்வானே, அவளிடம் அதை எப்படிச் சொல்வது?

போன மாசம் ஸ்டேஷனில் புது ரிக்ஷாக்கள் வந்து இறங்கின. சுவிசேஷமுத்து குதிரையை விற்றுவிட்டு ஒன்றை எடுத்துக்கொண்டான்.

"உம்ம தொழிலுக்கே வந்துட்டேன் அண்ணாச்சி. ஊரு காட்ட நாலு கதை சொல்லிக் குடும்."

"ஏறுறவனுக்குக் கனம் இருக்கான்னு பாத்து ஏத்துலே" என்றேன்.

"வெயிலு ரொம்பத்தான் அடிச்சிருக்கு உமக்கு" என்று சிரித்தான்.

நேற்று மத்தியானம் ஏர்க்காலைத் தூக்கினேன். பஞ்சு போல வந்தது. இருக்கையைத் தடவிப் பார்த்தேன்.

காய்ந்திருந்தது.

சுவிசேஷமுத்துவின் வண்டி நின்ற இடத்தில் ஈரத் தடம் மட்டும் இருந்தது. எந்தப் பக்கம் போனான் என்று கேட்டேன். "யாரோ பெரிய மனுஷனுக்கு ஊரு காட்டப் போறேன்னான். காலி வண்டியத்தான் இழுத்துட்டுப் போனான்" என்றார்கள். வண்டியைப் போட்டுவிட்டு ஓடினேன். இந்த வயசில் எவ்வளவு ஓட முடியும்?

கருப்பந்துறைப் பாதையில் தூரத்தில் அவன் தெரிந்தான். கழுத்தைத் திருப்பிக் காலி இருக்கையோடு பணிவாகப் பேசிக்கொண்டிருந்தான். மேடைக்கல்லை ஒட்டி நின்றான். கத்தினேன். மூச்சுத்தான் வந்தது.

சுவிசேஷமுத்து நல்ல தொழில்காரன். கிராக்கி முகத்தில் வெயில் படாமல் வண்டியைத் திருப்பினான்.

என் வண்டியை இழுத்து வந்து, ராத்திரி முழுவதும் மகள் வீட்டு வாசலில் ஏர்க்காலைக் குறுக்கே போட்டுப் படுத்திருந்தேன். ஒரு சத்தமும் இல்லை. விடிந்து, வடிவு குடத்தோடு கொல்லையிலிருந்து வந்தாள்.

"ஏம்பா, கிணத்தடிக்கு வந்தா கூப்பிட மாட்டியா?" என்றாள். "பின்னால வந்து சும்மா நின்னுட்டுப் போற?"