உள்பக்கக் கைப்பிடி

“ஃபெர்ரி கிளம்பிட்டா லாரித் தளத்துல ஒருத்தரும் நிக்கக் கூடாது. உனக்குத் தெரியாததா தங்கச்சி?”

“தெரியும். மேல போக மாட்டேன்.”

“மேல ஏசி இருக்கு, டீ இருக்கு, ஜன்னலோரமா உக்காந்து கடலப் பாக்கலாம்…”

“என் தம்பி மூஞ்சியும் இருக்கு. அதையும் பாத்துக்கிட்டே டீ குடிக்கச் சொல்றியாண்ணே?”

அவர் அந்தக் கப்பலில் வேலை பார்ப்பவர். லாரிகளை வரிசையில் நிறுத்துவது அவர் வேலை. விசில் கழுத்தை விட்டு இறங்கியதே இல்லை என்பதால் எல்லோருக்கும் அவர் விசில்தான்.

அவள் மீன் ஏற்றும் குளிர்பதன லாரியின் டிரைவர். லாரியின் மின்வயரைக் கப்பலின் பிளக்கில் செருகிவிட்டு, சக்கரத்தில் சாய்ந்து நின்றாள். மாடியில், பயணிகள் கூடத்துச் சுவரில், அவள் தம்பியின் படம் ஆள் உயரத்துக்கு ஒட்டப்பட்டிருந்தது. அடையாள அட்டைக்கு எடுத்த படம், சிரிப்பை அடக்கிக்கொண்டிருப்பான். கீழே கொட்டை எழுத்தில்: ‘அலட்சியம் உயிரைக் குடிக்கும்.’

செத்தவனையே பாடமாக்கி ஒட்டியிருந்தார்கள். 

நடுக்கடலில் டீசல், துறைமுகத்துக்குள் பேட்டரி என்று ஓடும் நவீனக் கப்பல் அது. தம்பி அதில் எலக்ட்ரீஷியன். போன மழைக்காலத்தில் பேட்டரி அறையில் தீ எச்சரிக்கை மணி அடித்தது. உள்ளே யாராவது இருக்கிறார்களா என்று ஒரு வார்த்தை கேட்காமல், மேலிருந்த சீஃப் என்ஜினியர் வாயுவைத் திறந்துவிட்டார். தீயை அணைக்கும் வாயு. மூச்சையும் அணைத்தது. ‘கதவை உள்ளிருந்தே திறக்கலாம், கைப்பிடி நன்றாகத்தான் இருந்தது, அவன்தான் அசட்டையாக உட்கார்ந்திருந்தான்’ என்றார்கள். விசாரணைக்காரர்கள் வந்து பார்த்தபோது கைப்பிடி பளபளவென்று மின்னியது.

அதற்கு முந்தின நாள்தான் அவன் போனில் புலம்பியிருந்தான். “உள்பக்கக் கைப்பிடி கையோட வருதுக்கா. சீஃப்கிட்ட சொன்னா, அடுத்த ரிப்பேர்ல பாக்கலாங்கிறார். லாரிக்கு பிரேக் புடிக்கலேன்னா நீங்க அடுத்த ரிப்பேர்ல பாப்பீங்களா, டிரைவர் மேடம்?”

அவளைச் சீண்ட வேண்டுமென்றால் மட்டும் அவன் அப்படி மரியாதையாகப் பேசுவான்.

“இன்னைக்கு வேணாம் தங்கச்சி.” விசில் குரலைத் தாழ்த்தினார். “இன்னையிலேர்ந்து துறைமுகத்துல புகை விடக் கூடாதாம். பேட்டரிக்கு மாத்தப் போறாங்க. இத்தனை நாளா ஏன் மாத்தலேன்னு நெனைக்கிற? டீசல் நின்னா, அந்த ரூம்லேர்ந்து சத்தம் கேக்கும்.”

“அதுக்குத்தான் நிக்கிறேன்.”

கலங்கரை விளக்கைத் தாண்டியதும் டீசல் நின்றது.

பட்டப்பகல். கப்பலின் பக்கவாட்டுத் துவாரங்கள் வழியாக வெயில் பட்டை பட்டையாகத் தரையில் விழுந்து கிடந்தது. அதிர்ந்துகொண்டிருந்த இரும்பெல்லாம் ஓய்ந்து, கப்பல் ஏதோ கனவில் வழுக்கிப் போவதுபோல் நகர்ந்தது. எண்ணெய் வாடை. ஈரக் கயிற்றின் வாடை. அதற்கடியில், கருகின பிளாஸ்டிக்.

டொம்.

தளத்தின் கோடியில், பேட்டரி அறைக் கதவு.

டொம். டொம்.

அழுகிற தட்டல் இல்லை அது. கெஞ்சலும் இல்லை. பல்லைக் கடித்துக்கொண்டு அறைவதுபோல் இருந்தது.

அவள் கதவை நெருங்குவதற்குள் சீஃப் படியிறங்கி வந்துவிட்டார். இஸ்திரி கலையாத வெள்ளைச் சட்டை.

“இந்தப் பொம்பளைய யாருய்யா கீழ விட்டது?”

“உள்ள தட்டுது சார்,” என்றார் விசில்.

“கேபிள தாங்குற தட்டு லூசாயிருக்கும். அடுத்த ரிப்பேர்ல…”

“கைப்பிடிக்கும் இதத்தானே சொன்னீங்க?” என்றாள் அவள்.

சீஃபின் முகம் சிவந்தது. வெளிக் கைப்பிடியைத் திருகிக் கதவை விரியத் திறந்தார். தட்டல் நின்றது. வெள்ளை வெளிச்சம், வரிசையாகப் பேட்டரி அலமாரிகள், துடைத்துவிட்டதுபோல் சுத்தம். அவர் கடைசி வரிசை வரைக்கும் நடந்து போய்த் திரும்பி நின்று கையை விரித்தார்.

“எங்கம்மா உன் தம்பி? வா, வந்து கூட்டிட்டுப் போ.”

கதவு மூடிக்கொண்டது.

அவள் கை இரண்டும் இடுப்பில் இருந்தன. விசில் லாரிப் பக்கமாக எப்போதோ பின்வாங்கியிருந்தார்.

“ஏம்மா, விளையாடாத.” உள்ளே கைப்பிடி திருகும் சத்தம். மறுபடியும் திருகல். பிறகு இரும்பு ஒன்று தரையில் விழுந்து உருண்டது.

“கையோட… கையோட வந்துருச்சு.”

“புதுக் கைப்பிடியாச்சே சார்.” அவள் கதவை ஒட்டி வந்து நின்றாள். “நல்லாத்தான் இருந்துச்சுன்னு விசாரணையில சொன்னீங்களே.”

கதவுக்கு மேலே சிவப்பு விளக்கு சுற்றத் தொடங்கியது. அது சுற்றினால் அடுத்தது வாயு.

“நான் அழுத்தல, நான் எதையும் தொடல!” என்று அலறினார் விசில். “மேல போய் நிறுத்தறேன்!” படிகளில் அவர் காலடி தடதடத்து மறைந்தது.

“திறம்மா! பழைய கைப்பிடி உடைஞ்சுதான் இருந்துச்சு. அவன் சொன்னான், நான்தான் காதுல போட்டுக்கல. விசாரணைக்கு முன்னாடி நான்தான் மாத்தினேன். எல்லார் முன்னாடியும் சொல்றேன், அந்தப் படத்தை நானே கிழிக்கிறேன். திறம்மா… இங்க வேற யாரோ இருக்காங்க.”

கதவின் சின்னக் கண்ணாடிக்கு அப்பால் வெளிச்சம் அணைந்தது.

வேண்டியது கிடைத்துவிட்டது. இத்தனை நாள் அவள் அலுவலக வாசல்களை ஏறி இறங்கியது இந்த ஒரு வாக்கியத்துக்காகத்தான். ஆனாலும் கோபம் ஒரு துளி இறங்கவில்லை. வெளிக் கைப்பிடியைப் பிடித்தாள். மீன் பெட்டிபோல் சில்லிட்டிருந்தது. திருக ஆரம்பித்தாள்.

அப்போது கதவோடு கதவாக, அவள் காதுக்கு நேராக, சிரிப்பை அடக்கிக்கொண்ட குரல்.

“டிரைவர் மேடம்… கொஞ்ச நேரம் திறக்காதீங்களேன்.”