ஸ்டூடியோ வாசலில் அழுதவள்

"டிவிக்காரங்க இருக்கறப்ப நீ சமையல்கட்டை விட்டு வெளியே வராதம்மா... எதையாவது பேசி அப்பா மானத்தை வாங்கிடாதே!"

காலையிலேயே மகன் சொல்லிவிட்டான். காபி ஆற்றிக்கொண்டிருந்தவள் தலையை மட்டும் அசைத்தாள். கூடத்தில் நாற்காலி துடைத்துக்கொண்டிருந்த நாத்தனார் சும்மா இருப்பாளா?

"இனிமே பேசி என்னடா வாங்கப் போறா? அன்னிக்கு ஸ்டூடியோ வாசல்ல அழுது வாங்கினது போதாதா? எங்க அண்ணன் ஹீரோ ஆகியிருந்தா எனக்கு வந்த வரனே வேற. இப்படி வாழாவெட்டியா வந்து உக்காந்திருப்பேனா!"

அவளுக்கு இது பழகிப்போன பாட்டு.

அவள் கணவர் பழைய மலிவுப் படங்களில் அடியாளாக வந்தவர். கோடு போட்ட பனியன், கழுத்தில் கர்சீப், வில்லனுக்கு இடப்பக்கம் நிற்பார். கதாநாயகன் ஒரு குத்து விட்டால் காலி டிரம்கள்மேல் போய் விழுவார். "பாஸ், போலீஸ்!" என்பதற்கு மேல் அவருக்கு வசனம் கொடுத்ததில்லை. விழுந்து விழுந்து முதுகு கன்றி வீடு திரும்புவார். வெந்நீர் ஒத்தடம் கொடுப்பது அவள் வேலை. அப்போதுகூட அவர் முனகுவார்: "நான் இருக்கவேண்டிய இடமா இது..."

ஒரே ஒருமுறை அவருக்குக் கதாநாயகன் வேஷம் வந்தது. பிள்ளைத்தாய்ச்சியாக இருந்த மனைவி ஸ்டூடியோ வாசலில் வந்து அழுது ஆர்ப்பாட்டம் செய்ததால் அது கைவிட்டுப் போனது. வீட்டில் எல்லோருக்கும் தெரிந்த கதை இதுதான். முதல்முதலில் அவர் அதைத் தங்கையிடம் சொன்னபோது அவளும் பக்கத்தில்தான் இருந்தாள். திடுக்கிட்டு நிமிர்ந்தாள். அவர் கண்கள் அவளைக் கெஞ்சின. வாயை மூடிக்கொண்டாள். மூடிய வாய் மூடியபடியே தலை நரைத்துவிட்டது.

பழைய துணை நடிகர்களைப் பற்றிய நிகழ்ச்சிக்காகப் பேட்டி எடுக்க ஒரு இளம்பெண்ணும் கேமராக்காரரும் வந்தார்கள். கணவரைப் பற்றிப் பேசுவதற்காக, அந்தக் காலத்து மேக்கப்மேன் ஒருவரையும் அழைத்து வந்திருந்தார்கள். அவர் ஓரமாக உட்கார்ந்திருந்தார்.

"இவ்வளவு உயரம், இவ்வளவு நல்ல முகம்... நீங்க ஏன் சார் ஹீரோ ஆகல?"

கணவர் பெருமூச்சு விட்டார். "வீட்ல ஒத்துழைப்பு இல்லம்மா. கையில வந்த படம்! என் சம்சாரம் ஸ்டூடியோ வாசல்ல நின்னு ஊரைக் கூட்டிட்டா..."

உள்ளே அவள் அடுப்பை அணைத்தாள். நாலு சுவருக்குள் கேட்டது போதாதென்று இனி உலகமே கேட்க வேண்டுமா?

"அண்ணே, நிறுத்துங்க!" மேக்கப்மேன் எழுந்துவிட்டார். "அந்தம்மா பாவம்ணே! அன்னிக்கு உங்களுக்கு மேக்கப் போட்டவன் நான். கேமரா ஓடினதும் உங்களுக்கு நாக்கு ஒட்டிக்கிச்சு. காலையிலேர்ந்து இருட்டுற வரைக்கும் அதே ஒரு வசனம்... பிலிமெல்லாம் பாழாப் போயி, தயாரிப்பாளர் உங்களைக் கழுத்தைப் பிடிச்சு வெளியே தள்ளலையா? உசுரை விட்டுருவேன்னு நீங்க புலம்பினதைப் பார்த்து நான்தான் பயந்துபோய் அவங்களுக்கு ஆள் அனுப்பினேன். ஓரமா நிக்கிற வேஷமாவது குடுங்கன்னு வயித்துப் பிள்ளையோட அந்தத் தயாரிப்பாளர் கால்ல விழுந்தாங்கண்ணே! நீங்க காலம் பூரா போட்டீங்களே அடியாள் வேஷம்... அது அவங்க அழுது வாங்கினது!"

சமையல்கட்டு வாசலில் அவள் நின்றிருந்தாள். கணவர் அவளைப் பார்த்தார். இப்போதாவது... ஒரு வார்த்தை...

அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டு சிரித்தார்.

"வயசாயிடுச்சு இவனுக்கு. எந்தப் படத்துக் கதையையோ என் கதைன்னு உளர்றான். இதை வெட்டிடும்மா."

"அதானே! எங்க அண்ணனாவது திக்கறதாவது!" என்றாள் நாத்தனார்.

அவள் சமையல்கட்டு வாசலை விட்டு நகர்ந்தாள். உள்ளே போய் நாலு துணியைப் பையில் திணித்தாள். எல்லோரும் பார்த்திருக்கக் கூடத்தைக் கடந்து தெருவில் இறங்கினாள். மகன் பின்னால் ஓடி வந்தான்.

"அம்மா... அந்த மேக்கப்மேன் சொன்னது நிஜமா?"

அவள் முகத்தைப் பார்த்ததும் அவனுக்குப் பதில் தேவைப்படவில்லை.

"நாலு பேர் முன்னால நிமிர்ந்து நிக்க உங்கப்பாவுக்கு ஒரு பொய் வேண்டியிருந்துச்சுடா. வீட்டோட இருந்தவரைக்கும் தாங்கிக்கிட்டேன். உண்மையைச் சொன்னவரையே பைத்தியக்காரர் ஆக்கிட்டாரே... இனிமே என்னால முடியலப்பா!"

"நானும்தானேம்மா உன்னைச் சமையல்கட்டுல இருக்கச் சொன்னேன்..." நடுத்தெருவில் அவள் தோளில் முகம் புதைத்து அழுதான் மகன்.

அவளை அவளுடைய அக்கா வீட்டில் விட்டுவிட்டு வந்தவன், அன்றிலிருந்து அப்பாவோடு பேசவில்லை. பேட்டி டிவியில் வந்தது. மேக்கப்மேன் பேச்சை வெட்டியிருந்தார்கள். கணவர் சொன்ன பொய் மட்டும் முழுசாக வந்தது. தன் பொய்யைத் தானே கேட்கச் சகிக்காமல் அன்றே அவள் அக்கா வீட்டுக்குப் புறப்பட்டு வந்தார் அவர்.

"தப்புத்தான். என் படத்தை நீ கெடுக்கல. வசனம் வரல எனக்கு... உன்னாலதான் சோறு தின்னேன். வீட்டுக்கு வா..."

"இதை ஏன் என்கிட்ட சொல்றீங்க? எனக்குத்தான் தெரியுமே! தெரியாதவங்க அங்க இருக்காங்க. அவங்ககிட்ட சொல்லுங்க."

அவர் தலைகுனிந்து திரும்பிப் போனார். அவர் சொல்வார் என்று அவள் நம்பவில்லை.

ஆனால் மறுநாள் நாத்தனாரையும் கூட்டிக்கொண்டு வந்து நின்றார். நாத்தனாரின் கண்கள் வீங்கியிருந்தன.

"ஏன் அண்ணி இத்தனை வருஷமா ஒரு வார்த்தை சொல்லல?"

"சொல்லியிருந்தா நம்பியிருப்பியா?"

நாத்தனார் உடைந்துபோனாள். ஓடி வந்து கட்டிக்கொண்டு கதறினாள். அவளும் அழுதாள். எவ்வளவு காலத்து அழுகை அது! ஆனால் முகத்தைத் துடைத்துக்கொண்டபோது மனம் லேசாகவில்லை.

"இருந்து சாப்பிட்டுட்டுப் போங்க ரெண்டு பேரும்."

"நீ...?" என்றார் கணவர்.

"வரேன்."

"எப்ப?"

"எனக்கு வரணும்னு தோணும்போது" என்று சொல்லிவிட்டு, அக்காவுக்கு உதவ உள்ளே போனாள்.