கையெழுத்துப் போடாத வாடகைக்காரர்

திற்பரப்பு அருவிக்குப் போகும் சாலையில் பூங்கனியும் மகளும் வந்த கார் திரும்பியபோது மழை பிடித்துக்கொண்டது. காரை அனுப்பியவன் முத்துநாயகம். பூங்கனி காலமெல்லாம் வாடகைக்கு இருந்த வீட்டின் சொந்தக்காரன். அவளை அங்கிருந்து கிளப்பியவனும் அவன்தான். இப்போது வாசலில் பல்லைக் காட்டிக்கொண்டு நின்றான்.

"வாங்க அக்கா. ஏட்டி ஷைஜா, சுகமா?"

"நீரு கேட்டதுல ரொம்ப சுகம்," என்றாள் பூங்கனியின் மகள்.

வீடு இப்போது லாட்ஜ். பூங்கனி நேராகப் பின்பக்கம் நடந்தாள். அவள் புருஷன் ஞானசிங்கின் கல்லறை அங்கேதான். ரப்பர் பால் வெட்டியே தேய்ந்து செத்த மனிதன். இந்தப் பக்கம் மண் உள்ளவர்கள் செத்தவர்களைத் தங்கள் வீட்டு வளவிலேயே அடக்குவார்கள். வாடகைக்காரனுக்கு ஏது மண்? முத்துநாயகத்தின் அப்பா இரக்கப்பட்டு ஒரு குழிக்கு இடம் கொடுத்திருந்தார்.

கோர்ட்டு சமரச மையத்தில் பூங்கனி கேட்டது ஒன்றுதான். வீட்டை விட்டுப் போகிறேன், கல்லறையைத் தொடாதே. முத்துநாயகம் தலையாட்டிக் கையெழுத்துப் போட்டான். இரண்டு பேரும் சிரித்த முகமாகப் போகவேண்டும் என்றார் சமரசம் பேசிய வக்கீலம்மா. பூங்கனி சிரித்தும் காட்டினாள்.

கல்லறை இல்லை.

அது இருந்த இடத்தில் புதிதாக ஓர் அறை நின்றது.

"எங்கலே எனக்க மாப்பிள?"

"கோவப்படாதீங்க அக்கா. ஜேசிபிக்காரன் தெரியாம..."

"ஜேசிபி தானா நடந்து வந்துதோ?" என்றாள் ஷைஜா.

"எலும்ப எங்க போட்ட?"

முத்துநாயகத்தின் குரல் தாழ்ந்தது.

"பெட்டி கெடந்துது. மூடியில ஆணியும் அப்படியே இருந்துது. தொறந்தா உள்ள ஆளு இல்ல அக்கா."

மழை தகரத்தில் அறைந்தது.

"இந்த ரூமுல ஒருத்தரும் தங்கமாட்டங்கான். மெத்த நனையுது. ஒட்டுப்பால் நாத்தம். போதகரு வந்து ஜெபிச்சும் போகல. நீங்க வெளிய கூப்பிட்டா வருவாரு. வேற நல்ல எடத்துல கல்லற கெட்டித் தாறேன். வேணும்னா எழுதியும் தாறேன்."

"எழுதித் தருவியா?" பூங்கனி அவனை மேலும் கீழும் பார்த்தாள். "அப்பம் போனவாட்டி எழுதுனது என்னதுலே?"

அவள் உள்ளே போனாள்.

கரண்ட் இல்லை. ஜன்னலில் திரை. புளித்த ரப்பர் பாலின் நாற்றம் தொண்டைக்குள் இறங்கியது. அவர் சட்டையில் எத்தனை துவைத்தாலும் போகாத அதே நாற்றம்.

சுவருக்குள் ஏதோ சுரண்டியது.

சர்ர்ர்க்.

கத்தி மரப்பட்டையைச் சீவும் சத்தம்.

"இஞ்ச இருக்கியளா?"

சத்தம் நின்றது.

கட்டிலின் ஓரம் மெல்ல அமுங்கியது. உட்கார ஆள் இல்லை.

அவள் மணிக்கட்டைக் குளிர்ந்த விரல்கள் பிடித்தன. பிசுபிசுவென்று ஒட்டின. பூங்கனி கையை இழுக்கவில்லை.

"அக்கா, கூப்பிடுங்க!" வெளியிலிருந்து முத்துநாயகம் கத்தினான்.

காலி செய்த நாளில் அவள் பாத்திரங்களை மழையில் தூக்கி வைத்துவிட்டு, "சீக்கிரம்" என்று கத்தியதும் இதே குரல்தான். தன்னைப் போலவே புருஷனையும் எழுப்பி இன்னொரு பொய்க்குப் பின்னால் நடக்கவிட அவளுக்கு மனசு வரவில்லை.

இருட்டுக்குள் குனிந்து சொன்னாள்.

"கேட்டியளா? ஒங்களக் காலி பண்ணணுமாம். நானும் சிரிச்சிட்டே போட்டுக் குடுத்தேன் ஒரு கையெழுத்து. நீங்க ஒண்ணுலயும் போடலியே. ஒங்கள எறக்க எவனுக்கும் உரிமை இல்ல. இரிங்க. நல்லா காலு நீட்டி இரிங்க."

விரல்கள் விலகின.

வெளியே வந்தாள். முத்துநாயகம் ஓடி வந்தான்.

"என்ன சொன்னாரு? போவாரா?"

"எடம் பிடிச்சிருக்காம்."

ஷைஜா வாய்விட்டுச் சிரித்தாள். அம்மாவின் மணிக்கட்டில் வெள்ளையாய்க் காய்ந்திருந்த விரல் தடத்தைப் பார்த்ததும் சிரிப்பு அறுந்தது.

இருவரும் காரில் ஏறவில்லை. மழையில் இறங்கி நடந்தார்கள்.

பின்னால் அந்த அறைக் கதவு மூடியது. உள்ளே தாழ் விழுந்தது.

முத்துநாயகம் தோளால் இடித்தான். அசையவில்லை.

அடுத்த அறையிலும் தாழ் விழுந்தது.

அதற்கடுத்த அறையிலும்.

அவன் வீட்டைச் சுற்றி முன்வாசலுக்கு ஓடினான். அவன் கை படும் முன்னே, பெரிய கதவும் உள்ளிருந்து பூட்டிக்கொண்டது.