மூன்றாம் வரிசையில் வெள்ளம்

படம் தொடங்க இன்னும் ஐந்து நிமிடம் இருந்தது. அதற்குள் ஷஹானா இரண்டு முறை தண்ணீர் குடித்துவிட்டாள். கணக்குப் பரீட்சைக்குக்கூட அவள் இப்படிப் பயந்ததில்லை.

காரணம், மூன்றாம் வரிசையில் அவளுக்குப் பக்கத்து இருக்கையில் பாப்கார்ன் கொறித்துக்கொண்டிருந்த உமா மகேஸ்வரி.

உமாவுக்குப் பிறந்ததிலிருந்தே கண் தெரியாது. தென்காசியில் இருவரும் ஆறாம் வகுப்பு, ஒரே பெஞ்சு. மதியம் சாப்பாட்டு மணி அடித்ததும் ஷஹானா பள்ளி நூலகத்துக்கு ஓடுவாள். ஒரு தடித்த புத்தகத்தோடு திரும்புவாள். ‘மொட்டைவால்’ படக்கதைத் தொகுப்பு. அவர்களுடைய அப்பாக்கள் பிறப்பதற்கு முன்பே ஒரு பத்திரிகையில் வாரா வாரம் வந்த கதை அது. வாரத்துக்கு மூன்றே கட்டம். பாதி வால் இல்லாத குரங்கு ஒன்று, அதன் ஒரே தோழி சிட்டு என்ற சிறுமி. மற்ற எல்லோரும் பேசுவார்கள். மொட்டைவால் மட்டும் ஒரு வார்த்தை பேசமாட்டான். திருதிருவென்று முழிப்பான், தாவுவான், எதையாவது திருடிவிட்டு மாட்டிக்கொள்வான்.

“கட்டம் ஒண்ணு. மொட்டைவால் வாழைத்தார் மேல உக்காந்திருக்கான். கண்ணு ரெண்டும் இட்லி மாதிரி இருக்கு. கட்டம் ரெண்டு. தோட்டக்காரர் கம்போட வாராரு...”

“கம்பு நீளமா, கட்டையா?” என்று உமா குறுக்கே கேட்பாள்.

“நீளம்.”

“அப்ப அடி விழாது பாரு. நீளக் கம்பு வாழையில மாட்டிக்கிடும்.”

பக்கத்தைத் திருப்பினால் அதேதான். மூன்றாம் கட்டத்தில் கம்பு மரத்தில் சிக்கி, தோட்டக்காரர் அதில் தொங்கிக்கொண்டிருப்பார்.

அந்த மொட்டைவால்தான் இப்போது கார்ட்டூன் படமாக வந்திருந்தான். ஊரெல்லாம் சுவரொட்டி. “நானும் பாக்கணும்” என்று உமா ஒற்றைக்காலில் நின்றாள். அவள் அப்பா குத்தாலிங்கம் குற்றாலம் பேரருவிக்குப் போகும் வழியில் பஜ்ஜிக்கடை வைத்திருப்பவர். அவர் தலையைச் சொறிந்தார்.

“அங்கன வந்து நீ என்னத்தட்டி பாப்ப? மூணு மணி நேரம் இருட்டுல உக்காந்திருக்கணும்.”

“எனக்கு இருட்டு என்ன, வெளிச்சம் என்னப்பா?”

அந்த நேரம் பார்த்து ஷஹானா வாயை விட்டாள். “மாமா, கூட்டிட்டுப் போங்க. அவளுக்கு நான் படத்தக் காட்டுதேன். ஒண்ணு விடாமச் சொல்லுதேன்.”

அந்த வாக்கைத்தான் இப்போது காப்பாற்ற வேண்டியிருந்தது.

விளக்குகள் அணைந்தன.

வெள்ளைத் திரையில் மூன்று கட்டங்கள் தோன்றின. புத்தகத்தில் இருக்கும் அதே கறுப்பு மைக் கோடுகள். முதல் கட்டத்தில் மொட்டைவால் அசையாமல் உட்கார்ந்திருந்தான்.

“கட்டம் ஒண்ணு” என்று ஷஹானா உமாவின் காதில் தொடங்கினாள். “மொட்டைவால் சும்மா...”

அவ்வளவுதான். மொட்டைவால் கண்ணைச் சிமிட்டினான். கையை நீட்டிக் கட்டத்தின் கோட்டைப் பிடித்தான். கயிறு போல உருவினான். கட்டம் பொலபொலவென்று சரிந்தது. உள்ளே அடைபட்டிருந்த காடு திரை முழுக்கப் பச்சையாய்ப் பெருகியது. மரம், மரத்துக்கு மேல் மரம், அதற்கும் மேல் மலை, மலையில் உரசிக்கொண்டு போகும் மேகம். ஒவ்வொரு இலையும் தனித்தனியாக ஆடியது. மொட்டைவாலின் உடம்பில் ஒவ்வொரு மயிரும் காற்றில் சிலிர்த்தது.

ஷஹானாவின் வாய் திறந்தது. திறந்தது திறந்தபடியே நின்றது.

அரங்கமே கொல்லென்று சிரித்தது. இன்னொரு முறை சிரித்தது. கைதட்டியது.

யாரோ அவள் சட்டையைப் பிடித்து இழுத்தார்கள்.

“ஏட்டி, எதுக்குச் சிரிக்காங்க? என்ன செஞ்சான்?”

ஷஹானாவுக்குச் சுரீரென்றது. எத்தனை நேரமாக இழுக்கிறாளோ! “மன்னிச்சிருட்டி” என்று அவசர அவசரமாகச் சொல்லத் தொடங்கினாள். “காடு வந்துட்டு, பெரிய காடு, அவன் மரத்துக்கு மரம் தாவுதான், சிவப்பா ஒரு பழம், அணில் ஒண்ணு, இல்ல, அது போயிட்டு, இப்ப ஆறு...”

ஒன்றைச் சொல்லி முடிப்பதற்குள் திரையில் ஐந்து நடந்துவிட்டது. அவள் குரல் தன்னை அறியாமல் உயர்ந்தது.

முன் வரிசையிலிருந்து ஒரு பெரிய தலை திரும்பியது. மடியில் ஐந்து வயதுப் பையனை வைத்துக்கொண்டிருந்த அண்ணாச்சி ஒருவர்.

“ஏட்டி பிள்ளைகளா, படம் பாக்க வந்தீங்களா, வாயாட வந்தீங்களா? வாய மூடிட்டு இருங்க!”

ஷஹானா கப்பென்று நிறுத்தினாள். உமாவின் அப்பாவிடம் சொல்லலாம் என்று பார்த்தால், அவர் ஓர இருக்கையில் குறட்டை விட்டுக்கொண்டிருந்தார். விடிகாலை நான்கு மணிக்கு மாவு கரைத்தவர்.

“சரி, விடு” என்றாள் உமா மெதுவாக. “நீ பாரு. நாளைக்குச் சொல்லு.”

கோபமாகச் சொல்லியிருந்தால்கூடத் தேவலை. பாப்கார்னை மூடி மடியில் வைத்துக்கொண்டு அவள் சும்மா உட்கார்ந்த விதம்தான் ஷஹானாவுக்குத் தாங்கவில்லை. திரையில் மின்மினிகள் ஆயிரக்கணக்கில் எரிந்தன. ஷஹானாவால் எதையும் ரசிக்க முடியவில்லை.

எல்லாவற்றையும் சொல்ல முடியாது. சரி, எதைச் சொல்வது?

நாய் குரைத்தது. ‘இது உமாவுக்கே கேட்கும்’ என்று ஷஹானா நினைத்தாள். கிளை முறிந்தது. அதுவும் கேட்கும். அப்படியென்றால் சத்தம் சொல்லாததை மட்டும் சொன்னால் போதாதா?

உமாவின் முழங்கையைப் பிடித்துத் தன் பக்கம் இழுத்தாள். இரண்டு விரலைக் கால்களாக்கி, அவள் கையில் மணிக்கட்டிலிருந்து தோள் வரை குடுகுடுவென்று ஓடவிட்டாள்.

“மரத்துல ஏறிட்டான்” என்று காதோடு கிசுகிசுத்தாள். “உச்சிக் கிளை. கீழ மூணு நாய்.”

“நாலு” என்றாள் உமா. “வலது பக்கம் குட்டி ஒண்ணு குரைக்குது.”

ஷஹானா உற்றுப் பார்த்தாள். புதருக்குப் பின்னால் ஒரு குட்டியின் வால் மட்டும் தெரிந்தது!

அதற்குப் பிறகு படம் ஓடியதே தெரியவில்லை. ஷஹானா இரண்டு வார்த்தை சொல்வாள். மீதியை உமா காதால் பிடித்துக்கொள்வாள். மொட்டைவால் உமாவின் கையில் ஓடினான், தோளில் தொங்கினான், ஒரு தடவை மூக்கில்கூடத் தாவினான். இருவரும் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள்.

அப்போது அருவி வந்தது.

புத்தகத்தில் அருவி என்றால் நான்கு கோடு, அவ்வளவுதான். இங்கே வானத்திலிருந்து தரைவரை வெள்ளையாய் இறங்கியது. பேரருவியில் நூறு தடவை குளித்த ஷஹானாவே சிலிர்த்துப்போனாள். அருவியின் அடியில் மொட்டைவாலும் சிட்டுவும் குதித்துக் குதித்துக் குளித்தார்கள். வெயிலில் ஒரு வானவில் வளைந்து நின்றது.

உமாவின் விரல்கள் ஷஹானாவின் கையை இறுக்கின.

“ஏட்டி, தண்ணி கூடுது.”

“இல்லட்டி. அப்படியேதான் விழுது. அழகா இருக்கு.”

“கூடுதுட்டி! சத்தம் கனத்துப்போச்சு. மேல கல்லு உருளுது, உனக்குக் கேக்கலயா?”

உமா அருவிச் சத்தத்தில் பிறந்து, அருவிச் சத்தத்தில் தூங்கி எழுகிறவள். தண்ணீர் கூடினால் பேரருவியில் குளிக்கும் கூட்டத்தைப் போலீஸ்காரர் விசிலடித்து வெளியேற்றுவார்; அந்த விசிலுக்கு முன்பே அவளுக்குத் தெரிந்துவிடும். இது சினிமா என்பதே அவளுக்கு மறந்துவிட்டது. சட்டென்று எழுந்து நின்றாள். தொண்டை கிழியக் கத்தினாள்.

“தண்ணி கூடுது! எல்லாரும் வெளிய வாங்க! பிள்ளைகளத் தூக்குங்க!”

வேறு ஊராக இருந்தால் சிரித்திருப்பார்கள். இது தென்காசி. நடக்கத் தெரியாத வயதிலிருந்தே அருவியில் குளித்த கூட்டம். அந்தக் குரலைக் கேட்டால் காலுக்கு யோசிக்கத் தெரியாது. மூன்றாம் வரிசை மொத்தமும் எழுந்தது. ஒரு பெண் குழந்தையை இடுப்புக்கு ஏற்றினாள். முன் வரிசை அண்ணாச்சி ஒரு கையில் செருப்பும் ஒரு கையில் மகனுமாக நடைபாதைக்கே வந்துவிட்டார். குத்தாலிங்கம் தூக்கத்திலிருந்து துள்ளி எழுந்து, “சட்டிய இறக்குலே! எண்ண கொதிக்குது!” என்று அலறினார்.

அதே நொடியில் திரையில் அருவி நிறம் மாறியது.

வெள்ளை செம்மண்ணானது. மரத்துண்டுகள் உருண்டன. யானை யானையாகப் பாறைகள் விழுந்தன. அரங்கமே அதிர்ந்தது. எழுந்தவர்கள் எழுந்த இடத்திலேயே உறைந்து நின்றார்கள். படத்தில் யாரும் பேசவில்லை. தண்ணீர் மட்டுமே இரைந்தது.

“சொல்லு, ஷஹானா!” உமா அவளை உலுக்கினாள். “என்ன ஆச்சு?”

ஷஹானா அண்ணாச்சியைப் பார்த்தாள். பிறகு உமாவைப் பார்த்தாள். கிசுகிசுத்தால் இந்த இரைச்சலில் எடுபடாது. உரக்கவே சொன்னாள்.

“சிட்டு வழுக்கிட்டா. தண்ணி இழுத்திட்டுப் போவுது. மொட்டைவால் குதிச்சிட்டான்! ரெண்டு பேரையும் காணோம்... கை தெரியுது. வேர் ஒண்ணு தொங்குது. எட்டல... எட்டல... பிடிச்சிட்டான்! அவள முதுகுல போட்டு மேல ஏறுதான்.”

யாரும் அதட்டவில்லை. அண்ணாச்சியின் மகன் பயத்தில் அப்பாவின் தோளில் முகத்தைப் புதைத்திருந்தான். அங்கிருந்தே கேட்டான்.

“யக்கா, பிழைச்சிட்டாளா?”

“பிழைச்சிட்டா. பாறை மேல உக்காந்திருக்கா. மொட்டைவால் அவ தலையத் துவட்டுதான்.”

பையன் ஒரு கண்ணை மட்டும் திறந்து பார்த்தான். பிறகு இரண்டையும் திறந்தான்.

அப்போதுதான் எல்லோருக்கும் தாங்கள் எங்கே நிற்கிறோம் என்பது உறைத்தது. ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துச் சிரித்துக்கொண்டே உட்கார்ந்தார்கள். அண்ணாச்சி செருப்பை மாட்டிக்கொண்டு பின்னால் திரும்பினார்.

“படத்துக்கு முன்னாடியே எப்பிடிட்டி உனக்குத் தெரிஞ்சுது?”

“உஸ்!” என்றாள் உமா.

அண்ணாச்சி கப்சிப் ஆனார். உமா தலையைச் சாய்த்துக் கேட்டாள்.

“பின்னால ஏதோ வருது. பறந்து வருது. ரொம்பப் பெருசு.”

மூன்று வரிசைத் தலைகள் பின்னால் திரும்பின. புஸ், புஸ் என்று காற்றைக் கிழிக்கும் ஓர் ஓசை அவர்களுடைய தலைக்கு மேலாகக் கடந்து முன்னே போனது. திரையின் மேல் ஓரத்தில் ஒரு இறக்கை நுழைந்தது. அதன் பின்னால் இன்னொன்று. வானமே மூடிக்கொண்டது.

“இருவாச்சிப் பறவைட்டி!” ஷஹானா மூச்சுவிடக்கூட மறந்தாள். “நூறு இருக்கும். மஞ்சள் மூக்கு. இறக்கைய விரிச்சா நம்ம பெஞ்சவிட அகலம். மொட்டைவால் அண்ணாந்து பாக்கான். சிட்டு கையத் தூக்குதா. ஒண்ணு கீழ இறங்குது...”

சொல்லிக்கொண்டே வந்தவள் அந்தப் பறவையின் அழகில் மயங்கிச் சற்று நின்றுவிட்டாள்.

“ஏட்டி, நிறுத்தாத” என்றார் முன் வரிசை அண்ணாச்சி. “சொல்லு!”